அரசை எதிர்த்து நில வழக்கா? மனு எழுதுவதற்கு முன் தாள்களைச் சேருங்கள்

"எங்க தாத்தா காலத்துலேர்ந்து நாங்கதான் சார் அனுபவிச்சுட்டு வர்றோம். ஊர்ல யாரை வேணும்னாலும் கேட்டுப் பாருங்க."

நிலப் பிரச்சினையில் அரசை எதிர்த்து வழக்குப் போட வருகிறவர்கள் முதலில் சொல்வது பெரும்பாலும் இதைத்தான். சொல்வது உண்மையாகவும் இருக்கும். ஆனால் நீதிபதி உங்கள் ஊருக்கு வந்து திண்ணையில் உட்கார்ந்து விசாரிக்கப் போவதில்லை. அவர் மேசைக்கு வருவது உங்கள் மனுவும் அதோடு தைத்த தாள்களும்தான். எதிரே அரசு வழக்கறிஞர் கையில் கிராம 'அ' பதிவேட்டின், அதாவது ஊரின் நிலங்களைச் சர்வே எண் வாரியாக எழுதிவைத்த வருவாய்க் கணக்கின், நகல் இருக்கும். அதில் உங்கள் சர்வே எண்ணுக்கு நேராக 'புறம்போக்கு' என்ற ஒரே சொல் இருந்தால் போதும், தாத்தா கதை அங்கேயே நின்றுவிடும். அந்தச் சொல்லை வெட்ட இன்னொரு தாள் வேண்டும்.

தமிழ்நாட்டில் முதல்முறையாக இப்படி ஒரு வழக்குக்குள் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். வக்கீல் வேண்டாம் என்று சொல்ல வரவில்லை. வக்கீலிடம் போகும்போது என்ன கட்டோடு போக வேண்டும் என்பதுதான் விஷயம்.

"தப்பு பண்ணது அரசாங்கம், அவங்கதானே நிரூபிக்கணும்?"

இல்லை. ஒரு உரிமை தனக்கு இருப்பதாகச் சொல்லி யார் நீதிமன்றத்துக்கு வருகிறாரோ அவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தில் இது பிரிவு 101. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் பிரிவு 104. எதிரில் இருப்பது அரசு என்பதால் இந்த விதி மாறுவதில்லை.

உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரிகளின் செயலை எதிர்த்து நேரடியாகப் போடும் மனு) போடுகிறவர்களுக்கு இது இன்னும் கறார். சிவில் வழக்கின் பிராதில், அதாவது வழக்கைத் தொடங்கும் மனுவில், சம்பவங்களைச் சொன்னால் போதும். சாட்சியத்தைப் பிறகு விசாரணையில் காட்டலாம். ரிட் மனுவில் சாட்சி கூண்டு, குறுக்கு விசாரணை எல்லாம் வழக்கமாகக் கிடையாது. அதனால் சம்பவத்தையும் அதற்கான ஆதாரத்தையும் சேர்த்தே மனுவோடு வைத்துவிட வேண்டும். பாரத் சிங் எதிர் ஹரியானா மாநிலம் என்ற 1988ஆம் ஆண்டுத் தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொன்னது. அதுவும் நிலம் கையகப்படுத்தல் வழக்குதான். வாயால் சொன்ன புகாருக்கு ஆதாரம் இணைக்கவில்லை என்றால் அந்தப் புகாரை நீதிமன்றம் எடுத்துக்கொள்ளாது என்பதுதான் அதன் சாரம்.

முதலில், எந்தக் கதவு?

ஆதாரம் சேர்ப்பதற்கு முன் உங்கள் பிரச்சினை எந்த வகை என்று பார்க்க வேண்டும். வகைக்கு ஏற்ப தாள்களும் மாறும், காலக்கெடுவும் மாறும்.

'ஆக்கிரமிப்பை அகற்று' என்று நோட்டீஸ் வந்திருந்தால் அது அநேகமாக 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் பிரிவு 7 நோட்டீஸாக இருக்கும். ஏரி, குளம் என்றால் 2007ஆம் ஆண்டு ஏரிகள் பாதுகாப்புச் சட்டமாக இருக்கலாம். நிலத்தை எடுக்கிறார்கள் என்றால் எந்தச் சட்டத்தில் எடுக்கிறார்கள் என்று நோட்டீஸின் முதல் வரியைப் படியுங்கள். 2013ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் என்றால் முதல்நிலை அறிவிக்கையிலிருந்து 60 நாள் ஆட்சேபத்துக்கு உண்டு. தேசிய நெடுஞ்சாலைச் சட்டம் என்றால் 21 நாள்தான். தொழிற்பேட்டைக்கும் மாநில நெடுஞ்சாலைக்கும் தமிழ்நாட்டுக்கென்று 1997, 2001ஆம் ஆண்டுச் சட்டங்கள் தனியாக இருக்கின்றன. நோட்டீஸ் வந்த கவரைத் தூக்கி எறியாதீர்கள். அதில் இருக்கும் அஞ்சல் முத்திரைத் தேதிதான் உங்களுக்கு எப்போது கிடைத்தது என்பதற்கான ஆதாரம்.

நோட்டீஸே இல்லாமல் இடித்தது, பதில் கொடுத்தும் அதைப் பார்க்காமல் உத்தரவு போட்டது போன்ற நடைமுறைத் தவறுகளுக்கு ரிட் சரியான வழி. 'இந்த நிலம் யாருடையது' என்பதே சண்டை என்றால் உயர் நீதிமன்றம் பெரும்பாலும் 'சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்' என்று அனுப்பிவிடும். இரண்டு மூன்று வருடம் ரிட்டில் காத்திருந்துவிட்டு இந்த ஒரு வரியோடு திரும்பி வந்தவர்கள் நிறைய.

தாள்களை எங்கே தேடுவது

பட்டா இருக்கிறது, போதாதா என்று கேட்பார்கள். பட்டா என்பது தீர்வை கட்டுவதற்கான வருவாய்க் கணக்கு. வருவாய்ப் பதிவால் மட்டும் உரிமை வந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் பல முறை சொல்லியிருக்கிறது. பட்டாவுக்கு மதிப்பே இல்லை என்று அர்த்தமில்லை. அதைத் தாங்கிப் பிடிக்கப் பத்திரம் வேண்டும்.

எனவே தாய்ப் பத்திரத்திலிருந்து தொடங்குங்கள். உங்களுக்கு விற்றவருக்கு யார் விற்றார், அவருக்கு எப்படி வந்தது என்று சங்கிலியைப் பின்னோக்கிப் பிடித்துப் போங்கள். மூலப் பத்திரம் தொலைந்திருந்தால் சார்பதிவாளர் அலுவலகத்தில் ஆவண எண்ணும் வருடமும் கொடுத்து சான்றிட்ட நகல் வாங்கலாம். எண் தெரியாவிட்டால் வில்லங்கச் சான்றில் தேட வேண்டும். பதிவுத்துறை இணையதளத்தில் பெரும்பாலும் 1975 முதல் பார்க்கலாம். அதற்கு முந்தைய காலத்துக்கு அலுவலகத்தில் மனு கொடுத்து கையால் தேடச் சொல்ல வேண்டும். கொஞ்சம் நடக்க வேண்டிவரும், பரவாயில்லை.

அடுத்து வருவாய்க் கணக்குகள்: சிட்டா (யார் பெயரில் எவ்வளவு நிலம் என்ற கணக்கு), அடங்கல் (சாகுபடிக் கணக்கு), 'அ' பதிவேடு, புலப்படம் (சர்வே எண்ணின் அளவு வரைபடம்), கிராம வரைபடம். இன்றைய நகல்களை ஆன்லைனில் எடுத்துவிடலாம். ஆனால் வழக்கைத் தாங்கிப் பிடிப்பது இன்றைய நகல் இல்லை, பழையதுதான். 1979 தொடங்கி 1987 வரை நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்தில், ஊரில் யு.டி.ஆர் என்பார்களே, அதில் பட்டா நிலத்தின் ஒரு துண்டு புறம்போக்காக மாறிப்போன கதை ஊருக்கு ஒன்றாவது உண்டு. யு.டி.ஆருக்கு முந்தைய 'அ' பதிவேடு, செட்டில்மென்ட் பதிவேடு, பழைய எண்ணுக்குப் புது எண் எது என்று காட்டும் ஒப்பீட்டுப் பட்டியல் இந்த மூன்றும் கையில் இருந்தால் பாதிக் கிணறு தாண்டிய மாதிரி. தாலுகா அலுவலகத்தில் இல்லை என்றால் மாவட்ட ஆட்சியரகத்தின் ஆவண அறை, அங்கேயும் இல்லை என்றால் சென்னை எழும்பூரில் இருக்கும் தமிழ்நாடு ஆவணக் காப்பகம்.

ஒரு உதாரணம் போட்டுக் காட்டுகிறேன். எண்கள் கற்பனை, கணக்கு நிஜம். 1962 கிரயப் பத்திரத்தில் பழைய சர்வே 48/2, 1 ஏக்கர் 20 சென்ட் என்று இருக்கிறது. இன்றைய பட்டாவில் 112/3, 0.42.0 ஹெக்டேர். பார்த்தால் ஒன்றும் தெரியாது, ஒன்று ஏக்கரில், இன்னொன்று ஹெக்டேரில். ஒரு சென்ட் 40.47 சதுர மீட்டர். 120 சென்ட்டை மாற்றினால் 0.48.5 ஹெக்டேர் வரும். பட்டாவில் இருப்பதோ 42 ஏர்ஸ் (ஒரு ஏர்ஸ் 100 சதுர மீட்டர்). ஆறரை ஏர்ஸ், அதாவது 16 சென்ட் எங்கே? 'அ' பதிவேட்டில் பக்கத்து உட்பிரிவைப் பாருங்கள்: 112/5, 0.06.5, 'வாய்க்கால் புறம்போக்கு'. காணாமல் போன துண்டு அப்படியே அங்கே உட்கார்ந்திருக்கிறது. இப்போது ஒப்பீட்டுப் பட்டியலில் பழைய 48/2தான் 112/3 ஆகவும் 112/5 ஆகவும் உடைந்தது என்று காட்டிவிட்டால், 'தலைமுறை தலைமுறையாக' என்று பத்துப் பக்கம் எழுதுவதைவிட அந்த ஒரு கூட்டல் கணக்கு பேசும். பழைய புலப்படத்தில் அந்த இடத்தில் வாய்க்கால் வரைந்திருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள். வரைந்திருந்தால் உங்கள் வழக்கே வேறு. அதை வக்கீலிடம் மறைக்காமல் சொல்லிவிடுங்கள்.

நத்தத்தில் வீடு கட்டியிருப்பவர்களுக்குத் தனிக் கணக்கு. கிராம நத்தம் குடியிருப்புக்காக விடப்பட்ட இடம், மற்ற புறம்போக்கைப் போல அரசுக்குச் சேர்ந்தது அல்ல என்று சென்னை உயர் நீதிமன்றம் பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறது. அங்கே வகைப்பாடு 'நத்தம்' என்று காட்டும் பழைய பதிவேடும், வீட்டில் நீங்கள் குடியிருப்பதற்கான ரசீதுகளும்தான் முக்கியம். நீர்நிலை என்று பதிவாகியிருந்தால் எத்தனை வருட மின் கட்டண ரசீது இருந்தாலும் கைகொடுப்பது கஷ்டம். 2001 முதலே உச்ச நீதிமன்றத்தின் போக்கு அப்படித்தான்.

திருப்பி அடிக்கும் ஆதாரங்கள்

இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். இருக்கிற காகிதம் எல்லாவற்றையும் கட்டாகக் கொண்டுபோய்க் கொடுத்துவிடுகிற பழக்கம் பலருக்கு உண்டு.

பி மெமோ ரசீதை எடுத்துக்கொள்வோம். 'சார், முப்பது வருஷமா பி மெமோ கட்டுறோம்' என்று பெருமையாக நீட்டுவார்கள். பி மெமோ என்பது அரசு நிலத்தை ஆக்கிரமித்ததற்குப் போடும் அபராதம். நீங்கள் அங்கே இருந்தீர்கள் என்று அது காட்டும், சரி. அதே தாள் நிலம் அரசுடையது என்று நீங்களே ஒப்புக்கொண்டதாகவும் காட்டும். 'பூர்வீகச் சொத்து' என்று வழக்குப் போடுகிறவர் இதைப் பெருமையாக இணைத்தால், அரசுத் தரப்பு வேறு ஆதாரம் தேட வேண்டியதே இல்லை.

இதோடு ஒட்டியதுதான் எதிரிடை அனுபவ பாத்தியம், அதாவது அடுத்தவர் நிலத்தைப் பல வருடம் வைத்திருந்ததாலேயே அது தனக்குச் சேர்ந்தது என்ற வாதம். தனியார் நிலத்துக்கு 12 வருடம், அரசு நிலத்துக்கு 30 வருடம் என்று எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது. ஆனால் அந்த வாதத்துக்குள் போனாலே நிலம் அரசுடையது என்று முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும், அதன் பிறகு அரசுக்குத் தெரியும்படி, அதன் உரிமையை மறுத்து, 30 வருடம் இடைவெளியில்லாமல் வைத்திருந்ததற்குத் தேதி தேதியாக ஆதாரம் காட்ட வேண்டும். 'இது எங்கள் நிலம். இல்லையென்றாலும் எதிரிடை அனுபவத்தில் எங்களுக்குச் சேர்ந்தது' என்று ஒரே மனுவில் இரண்டையும் எழுதுவதை என் அளவில் பெரிய தவறாகவே பார்க்கிறேன். ஒன்றுக்குச் சேர்த்த ஆதாரமே இன்னொன்றைக் கவிழ்க்கும்.

'எங்களுக்குப் பட்டா வழங்குங்கள்' என்று எப்போதோ ஜமாபந்தியில் (வருடாந்திர வருவாய்க் கணக்குத் தணிக்கையில்) கொடுத்த மனுவும் அப்படித்தான். அது அரசின் கோப்பில் இருக்கும். நீங்கள் இணைக்காவிட்டாலும் அவர்கள் இணைப்பார்கள். என்ன எழுதினோம் என்று நினைவுபடுத்தி வைத்துக்கொள்ளுங்கள்.

கோப்பு அவர்களிடம் இருக்கிறதே?

இருக்கட்டும். 2005ஆம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டம் இதற்குத்தான். 10 ரூபாய்க் கட்டணத்தோடு தாலுகா அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு மனு போடுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். வராவிட்டால், அல்லது பதில் சரியில்லை என்றால், 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதிலும் நடக்காவிட்டால் 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம்.

கேட்கும் விதத்தில்தான் சூட்சுமம். 'எங்கள் பட்டாவை ஏன் ரத்து செய்தீர்கள்?' என்று கேட்டால் 'கேள்வி வடிவில் உள்ளதால் தகவல் வழங்க இயலாது' என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். ஆவணத்தைக் கேளுங்கள். 'இன்ன கிராமம், இன்ன சர்வே எண் தொடர்பாக, இன்ன தேதியிட்ட ந.க. எண் கொண்ட கோப்பில் உள்ள கிராம நிர்வாக அலுவலர் அறிக்கை, வருவாய் ஆய்வாளர் அறிக்கை, நில அளவர் அறிக்கை, குறிப்புப் பக்கங்கள், எங்களுக்கு அறிவிப்பு சார்பு செய்யப்பட்டதற்கான ஒப்புகை ஆகியவற்றின் சான்றிட்ட நகல்' என்று எழுதுங்கள். ந.க. எண் என்பது அந்த அலுவலகக் கோப்பின் எண். கடைசியில் இருக்கிறதே அந்த ஒப்புகை, அதாவது நோட்டீஸ் உங்கள் கைக்கு வந்ததற்கான அத்தாட்சி, அதை விட்டுவிடாதீர்கள். நோட்டீஸ் கொடுத்தோம் என்று அவர்கள் சொல்லி, ஒப்புகை கோப்பில் இல்லை என்று தகவல் உரிமைப் பதில் வந்தால், உங்கள் ரிட் மனுவின் முதுகெலும்பே அதுதான். 'ஆவணம் இல்லை' என்ற பதிலும் ஒரு ஆவணம். அதையும் பத்திரப்படுத்துங்கள்.

அப்படியும் தராமல் இழுத்தடித்தால், சிவில் வழக்கில் அந்தக் கோப்பைத் தாக்கல் செய்ய உத்தரவிடும்படி நீதிமன்றத்திடமே கேட்கலாம். கையில் இருந்தும் கொண்டுவரவில்லை என்றால், கொண்டுவந்திருந்தால் அது அவர்களுக்குப் பாதகமாக இருந்திருக்கும் என்று நீதிமன்றம் அனுமானிக்க இடம் உண்டு. ஆனால் நீங்கள் கேட்டிருக்க வேண்டும், கேட்டதற்கு அத்தாட்சி இருக்க வேண்டும்.

கேட்டேன், கொடுக்கவில்லை: இதற்கும் ஆதாரம்

அதிகாரி செய்ய வேண்டியதைச் செய்யவில்லை என்று உயர் நீதிமன்றம் போகிறவர், முதலில் அந்த அதிகாரியிடம் கேட்டதைக் காட்ட வேண்டும். திங்கள்கிழமை குறைதீர் நாளில் கொடுத்த மனுவுக்கு ரசீது வாங்கினீர்களா? நேரில் கொடுத்தால் உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் போட்டு வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் சண்டை பிடிக்க வேண்டாம், அன்றே அஞ்சலில் ஒப்புகையோடு அனுப்பிவிடுங்கள். மனுவின் கீழே 'இணைப்பு' என்று எழுதி, என்னென்ன நகல் வைத்தீர்கள் என்று வரிசைப்படுத்துங்கள்.

இந்த இணைப்பை ஏன் அழுத்திச் சொல்கிறேன் என்றால், 'மனுவை 12 வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்' என்று உயர் நீதிமன்றம் போடும் உத்தரவை வாங்கிக்கொண்டு ஜெயித்துவிட்டதாக இனிப்புக் கொடுக்கிறார்கள். பரிசீலிக்கத்தான் உத்தரவு. ஆதாரம் இல்லாத மனுவைப் பரிசீலித்தால் 'ஆவணங்கள் சமர்ப்பிக்கப்படாததால் நிராகரிக்கப்படுகிறது' என்றுதான் வரும். இப்போது உங்களுக்கு எதிராகக் காரணத்தோடு ஒரு உத்தரவும் சேர்ந்துவிட்டது.

சிவில் வழக்கு என்றால் சிவில் நடைமுறைச் சட்டம் பிரிவு 80 நோட்டீஸ் கட்டாயம். கொடுத்து 2 மாதம் காத்திருக்க வேண்டும். நாளைக்கே இடிக்கப் போகிறார்கள் என்பது போன்ற அவசரம் என்றால் நீதிமன்ற அனுமதியோடு நோட்டீஸ் இல்லாமலும் போடலாம். நோட்டீஸ் நகலும் போய்ச் சேர்ந்த அத்தாட்சியும் பிராதோடு போக வேண்டும். வழக்கில் தாசில்தாரை மட்டும் பிரதிவாதியாகப் போட்டு அரசைச் சேர்க்காமல் விடுவதும் நடக்கிறது. மாவட்ட ஆட்சியர் மூலமாகத் தமிழ்நாடு அரசைச் சேர்க்கச் சொல்லுங்கள்.

வரிக்கு ஒரு பக்கம்

தாள்கள் சேர்ந்தாயிற்று. இனி பிரமாணப் பத்திரம். வக்கீல் அலுவலகத்தில் வரைவு கொடுத்ததும் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்துவிடாதீர்கள். ஒரு பென்சிலோடு உட்காருங்கள். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் ஓரத்தில், அதற்கான ஆதாரம் ஆவணத் தொகுப்பின் எத்தனையாவது பக்கத்தில் இருக்கிறது என்று குறியுங்கள். பக்கம் கிடைக்காத வாக்கியத்துக்குக் கேள்விக்குறி போடுங்கள்.

வரைவில் இப்படி இருக்கும்: 'மனுதாரரின் குடும்பத்தினர் நெடுங்காலமாக மேற்படி நிலத்தை அனுபவித்து வருகின்றனர். எந்த முன்னறிவிப்பும் இன்றி அதிகாரிகள் நிலத்துக்குள் நுழைந்தனர்.' இரண்டு கேள்விக்குறி.

இப்படி மாற்றச் சொல்லுங்கள்: 'மனுதாரரின் தந்தை 1962ஆம் ஆண்டு கிரயப் பத்திரம் மூலம் 1 ஏக்கர் 20 சென்ட் வாங்கினார் (பக்கம் 1). 1971 முதல் 1983 வரை கிஸ்தி (நிலவரி) செலுத்திய ரசீதுகள் உள்ளன (பக்கம் 6 முதல் 14 வரை). அறிவிப்பு சார்பு செய்ததற்கான ஒப்புகை கோப்பில் இல்லை என்று பொதுத் தகவல் அலுவலரே பதில் அளித்துள்ளார் (பக்கம் 31).' உணர்ச்சி குறைந்த மாதிரி தெரியும். குறையட்டும்.

கிஸ்தி ரசீதில் 1976, 1977 இரண்டு வருடம் இல்லையா? இல்லை என்று எழுதிவிடுங்கள். தொடர்ச்சியாக இருக்கிறது என்று எழுதி, எதிர்த்தரப்பு எண்ணிப் பார்த்துச் சொன்னால், மீதி ரசீதுகளின் மேலும் சந்தேகம் விழும். உத்தரவு வந்து நாலு வருடம் கழித்துப் போகிறீர்கள் என்றால் அந்த நாலு வருடத்துக்கும் காரணம் சொல்ல வேண்டும். மருத்துவச் சான்றோ, இடையில் செய்த மேல்முறையீடோ, அதற்கும் ஒரு பக்கம் வேண்டும்.

உயர் நீதிமன்றத்தில் நடவடிக்கைகள் ஆங்கிலத்தில் என்பதால் தமிழ் ஆவணங்களுக்கு மொழிபெயர்ப்பு சேர்ப்பார்கள். அதில் சர்வே எண், விஸ்தீரணம், தேதி மூன்றையும் நீங்களே ஒப்பிட்டுப் பாருங்கள். 112/3 என்பது 113/2 ஆகத் தட்டச்சானதை யாரும் கவனிக்காமல் இடைக்காலத் தடை வாங்கி, அது வேறொருவர் நிலத்துக்கு வாங்கிய தடையாகப் போனதைப் பார்த்திருக்கிறேன். மூலப் பத்திரத்தை மட்டும் யாரிடமும் விட்டுவிட்டு வராதீர்கள். காட்டுங்கள், நகல் எடுக்கச் சொல்லுங்கள், வாங்கிக்கொண்டு வாருங்கள்.

படமும் வீடியோவும்

இடிக்க வரும்போது எல்லோரும் செல்போனைத் தூக்குகிறோம். நல்லதுதான். ஆனால் மின்னணுப் பதிவு சாட்சியமாக ஏற்கப்பட புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் பிரிவு 63(4) சான்றிதழ் தேவை. அதில் ஒரு பகுதியை நீங்களும் இன்னொரு பகுதியை நிபுணர் ஒருவரும் பூர்த்தி செய்ய வேண்டும். எடுத்த போனையும் அசல் கோப்பையும் அழிக்காமல் வையுங்கள். வாட்ஸ்அப்பில் நாலு பேருக்குச் சுற்றி வந்த பிரதி அசல் ஆகாது. நிலத்தில் கிணறு, மரம், கட்டடம் எங்கெங்கே இருக்கிறது என்று காட்ட சிவில் நீதிமன்றத்தில் வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கக் கேட்கலாம். அளக்க வேண்டுமானால் அவரோடு சர்வேயரையும் கேளுங்கள். யார் அனுபவத்தில் இருக்கிறது என்று கண்டுபிடிக்க ஆணையரை அனுப்ப மாட்டார்கள். அது உங்கள் ரசீதுகளின் வேலை.

கவுன்டர் வந்த பிறகு

அரசுத் தரப்பு பதிலுரை தாக்கல் செய்ததும் அதன் நகலை வக்கீலிடம் கேட்டு வாங்கி, அதே பென்சிலோடு அதையும் படியுங்கள். பக்க எண்ணைத் தேடும் விதி அவர்களுக்கும் பொருந்தும். 'மனுதாரருக்கு உரிய அறிவிப்பு வழங்கப்பட்டது' என்று எழுதியிருந்தால் ஒப்புகை இணைத்திருக்கிறார்களா? 'நில அளவை செய்ததில் ஆக்கிரமிப்பு கண்டறியப்பட்டது' என்றால் எந்தத் தேதி, யார் அளந்தது, வரைபடம் எங்கே? பழைய 'அ' பதிவேட்டைப் பற்றி ஒரு வார்த்தையாவது இருக்கிறதா, இல்லை 1987க்குப் பிறகுள்ள பதிவோடு நிறுத்திவிட்டார்களா? கிடைத்த ஓட்டைகளை ஒரு தாளில் பத்தி எண்ணோடு எழுதி, அடுத்த வாய்தாவுக்கு முன்பே வக்கீலிடம் கொடுத்துவிடுங்கள். மறுப்புரை தயாரிக்க அவருக்கு அவகாசம் வேண்டும். வாய்தா அன்று காலை கோர்ட் வராந்தாவில் வைத்துக் கொடுத்தால் அது பையிலேயே கிடக்கும்.